குயிலியை ஏந்தியவர்

காணல் நாள் வந்துவிட்டால் செண்பகவல்லிக்குச் சோறு இறங்காது. துக்கத்தினால் என்று யாராவது நினைத்தால் அது தப்பு. துக்கப்படுவதற்கு அவளிடம் ஒன்றுமே இல்லையே. பொறாமைதான். வயிற்றைக் கவ்விப் பிடிக்கும் சுத்தமான பொறாமை.

இந்த வருடமும் சிறையின் பார்வையாளர் கூடத்துக்குள் காலை வைத்ததும் அவள் கண் சுவரில் இருந்த துயரமானிக்குத்தான் ஓடியது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கும் முன்னாள் ஆளுநர் கோவர்த்தனன் செத்துப்போனவர்களில் யாருக்காக எவ்வளவு அழுகிறார் என்பதை அந்தக் கருவி பெயர் பெயராகக் காட்டும். தண்டனை சரியாக நடக்கிறதா என்று பார்க்க நீதிமன்றம் வைத்தது அது. உச்சியில் செழியன் என்ற பெயர் ஒளிர்ந்தது. அதற்குக் கீழேதான் குயிலி.

"போன வருசமும் அவங்க பையன்தான். இந்த வருசமும் அவங்க பையனேவா?" என்றாள் செண்பகவல்லி.

"மெல்லப் பேசு. அக்கா பின்னாலதான் நிக்கிறாங்க" என்றார் அவள் கணவர் பரமகுரு.

செழியனைப் பெற்ற அங்கயற்கண்ணி பின்னால்தான் நின்றாள். காதில் விழுந்த மாதிரி காட்டிக்கொள்ளவில்லை. முகத்தில் ஒரு பெருமை மட்டும் ஒட்டிக்கொண்டிருந்தது. அதைப் பார்க்கத்தான் செண்பகவல்லிக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

கதை தெரியாதவர்களுக்குச் சொல்லிவிட வேண்டும். செவ்வாயில் மனிதர்கள் கண்ணாடிக் குமிழ்களுக்குள் வாழ்கிறார்கள். ஒவ்வொரு குமிழுக்கும் ஒரு காற்றுக்குழாய் உண்டு. பன்னிரண்டு வருடங்களுக்கு முன் தெற்குக் குமிழ்கள் ஆளுநருக்குப் பணிய மாட்டோம் என்று எதிர்த்து நின்றபோது, கோவர்த்தனன் ஏழாம் குமிழின் குழாயை மூடச் சொல்லி ஆணையிட்டார். குமிழே மூச்சுத் திணறிச் செத்தது. பெரியவர்களில் கொஞ்சம் பேர் மயங்கிக் கிடந்து பிழைத்தார்கள். சின்ன நுரையீரல்கள் தாங்கவில்லை. செண்பகவல்லியின் ஆறு வயது மகள் குயிலி அப்படித்தான் போனாள். சுரங்கத்தில் வேலைக்குப் போயிருந்த பரமகுரு திரும்பி வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது.

போர் ஓய்ந்ததும் ஆளுநர் முகத்தை மாற்றினார், பெயரை மாற்றினார், நிலவில் உப்பு வியாபாரியாக உட்கார்ந்துகொண்டார். அப்படித் தப்பியவர்கள் அந்தக் காலத்தில் எத்தனையோ பேர். கோளிடை நீதிமன்றத்துக்குப் பொறுமை போய் ஒரு விதி எழுதியது. முகமோ பெயரோ முத்திரையோ முக்கியமில்லை, ஆணையிட்ட நினைவு எந்தத் தலையில் இருக்கிறதோ அந்தத் தலையே பொறுப்பு. விதி அறிவிக்கப்பட்ட அன்றைக்கு எல்லாக் குமிழ்களிலும் கைதட்டினார்கள். செண்பகவல்லியும் கை சிவக்கத் தட்டினாள். உப்பு வியாபாரியின் தலைக்குள் ஆணை அப்படியே இருந்தது. பிடித்துக் கொண்டுவந்துவிட்டார்கள்.

நினைவைத் தலைக்குள் தேடிப் பார்க்கவும், ஒரு தலையிலிருந்து எடுத்து இன்னொரு தலையில் வைக்கவும் முடிந்தது பெயர்ப்பியால். நீதிமன்றங்களின் கையில் மட்டும் இருந்த எந்திரம் அது. அதற்கு முன்னால் சாட்சி என்றால் வாயால் சொல்ல வேண்டும், எதிர்க்கட்சி வக்கீல் எழுந்து ஞாபகப் பிசகு என்று சொல்லிவிட்டு உட்காருவார். பெயர்ப்பி வந்த பிறகு நீதிபதியே பார்த்துக்கொள்ளலாம். வண்டி மோதிய வழக்கானாலும் வாசலை அடைத்த வழக்கானாலும் நினைவை எடுத்துக் கொடுத்துவிட்டு, எதற்காக வந்தோம் என்றே தெரியாமல் வீட்டுக்குப் போவது ஜனங்களுக்குப் பழகிவிட்டது. நகல் எடுத்து வைத்துக்கொண்டால் என்ன என்று கேட்கலாம். நகலில் கைவைத்துத் திருத்த முடியும், அதனால் நகல் செல்லாது. ஒரிஜினல் கொண்டுவா, ஒரிஜினல் கொண்டுவா என்று கேட்டே நம் பாட்டனார்களின் செருப்பைத் தேய்த்த அலுவலக புத்தி கோள் தாண்டியும் கூடவே வந்துவிட்டது.

கோவர்த்தனன் விசாரணையில் ஒரே வார்த்தையைத்தான் திரும்பத் திரும்பச் சொன்னார். அவர் குழாயை மட்டும்தான் மூடச் சொன்னாராம், உள்ளே என்ன நடக்கும் என்று அவருக்குத் தெரியாதாம். தெரியாதா, சரி, தெரிந்துகொள்ளட்டும் என்றது நீதிமன்றம். செத்தவர்களின் கடைசிப் பொழுதை அவரே தலையில் ஏந்தி உயிருள்ள மட்டும் அனுபவிக்க வேண்டும் என்று தீர்ப்பானது. ஏந்தல் தண்டனை என்று பெயர். பிழைத்தவர்கள் எல்லோரும் தங்கள் நினைவைக் கொடுக்க வரிசையில் நின்றார்கள். முதல் ஆளாக நின்றவள் செண்பகவல்லி.

நினைவு வேரோடு வரும் என்பது அப்போது யாருக்கும் தெரியாது. அவள் கொடுத்தது கடைசி ஒரு நாளைத்தான். வண்டி மோதிய நினைவுக்கு அவ்வளவு வேர் கிடையாது, பிடுங்கினால் அதுமட்டும் வரும். பெற்ற பிள்ளையின் கடைசி நாள் அப்படியா? ஆறு வருடமும் அதோடு கிளம்பிப் போய்விட்டது. வீட்டுக்கு வந்தவள் மூலையில் கிடந்த சின்னக் கட்டிலைப் பார்த்து, "இது யாருதுங்க?" என்று கேட்டாள். பரமகுரு அன்றைக்கு வெளியே போய் உட்கார்ந்தவர்தான், வெகுநேரம் உள்ளே வரவில்லை.

அவர் படத்தைக் காட்டுவார். அழகான பெண் குழந்தை, ஒரு பல் விழுந்திருக்கும். பார்ப்பாள். பக்கத்துக் குமிழ்க் குழந்தையைப் பார்ப்பது போலத்தான் இருக்கும். அவர் அழும்போது அவளுக்கு ஆத்திரம் வரும். இந்த மனுசனுக்கு மட்டும் எப்படி அழ வருகிறது? தனக்குச் சேர வேண்டியதை இவர் தனியாக உட்கார்ந்து தின்கிறாரே என்று இருக்கும்.

முதல் ஒன்றிரண்டு காணல் நாட்களில் எல்லோரும் கோவர்த்தனன் துடிப்பதைப் பார்க்கத்தான் போனார்கள். பிறகு மெல்ல ஒன்று புரிந்தது. தங்கள் பிள்ளைகளைப் பற்றிச் சொல்ல அந்த ஆளை விட்டால் வேறு ஆள் கிடையாது. எம் பையன் எப்படிச் சிரிப்பான், என் தங்கச்சி எதுக்குக் கோவிப்பா என்று கொன்றவனிடமே கேட்கத் தொடங்கினார்கள். அவர் ஒளிக்காமல் சொன்னார். ஏசிக்கொண்டு வந்தவர்கள்கூட அவரை அவர், இவர் என்று பேச ஆரம்பித்துவிட்டார்கள். கேட்டுக்கொண்டே எல்லோரும் ஓரக்கண்ணால் துயரமானியைப் பார்ப்பார்கள். அங்கேதான் வினை பிடித்தது. தன் பிள்ளைக்காக அவர் குறைவாக அழுதால் யாருக்குத்தான் பொறுக்கும்? ஒருத்தி பொம்மை கொண்டுவந்தாள். அதற்கு அடுத்த வருடம் இன்னொருத்தி பாட்டுப் பாடினாள். அங்கயற்கண்ணி தன் தம்பியிடம் கேட்டுக் கேட்டுச் செழியனின் குறும்புகளை மனப்பாடம் செய்துவந்து ஒப்பித்தாள். துயரமானியில் செழியன் மடமடவென்று ஏறினான்.

செண்பகவல்லி சும்மா இருப்பாளா? வருடம் முழுக்கப் பரமகுருவைக் குடைந்து எடுத்தாள். என்ன சாப்பிடுவாள், எதற்குப் பயப்படுவாள், எந்தப் பக்கம் திரும்பிப் படுப்பாள். அவர் சொல்லச் சொல்ல இவள் கண்ணாடி வழியே கோவர்த்தனனிடம் கொண்டுபோய்ச் சேர்த்தாள். செடிக்கு உரம் போடுவது மாதிரி வருடா வருடம் போட்டாள்.

இன்றைக்கு அவள் முறை வந்ததும் கண்ணாடியின் முன் உட்கார்ந்தாள். கோவர்த்தனனுக்கு முடி முழுக்க நரைத்திருந்தது. அவளைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்தது.

"வாங்க. அவருக்கு முதுகுவலி இப்ப எப்படி இருக்கு? சுரங்கத்துல குனிஞ்சு குனிஞ்சு வாங்கிட்டு வந்த வலி அது. எண்ணெய் தேய்க்கிறீங்களா?"

தன் புருஷனின் முதுகைப் பற்றி இந்த ஆள் விசாரிப்பது அவளுக்கு நெருப்பாக இருந்தது. குயிலியின் வேரோடு அவள் குடித்தனத்திலும் பாதி அங்கே போயிருந்தது.

"அவருக்கு என்ன, நல்லா இருக்கார்" என்றாள். "குயிலிக்குப் பாசிப் பணியாரம்னா உசிராம். இவர் சொன்னார். அதைச் சொல்லத்தான் வந்தேன்."

"எனக்குத் தெரியாதா?" கோவர்த்தனன் சிரித்தார். கண் நிறைந்துவிட்டது. "ஓரத்தைச் சுத்திக் கடிச்சுட்டு நடுவுல மெத்துன்னு இருக்கிறதை எனக்குக் குடுத்துடுவா. நான் தின்னாத்தான் அவ எந்திரிப்பா."

சுவரில் குயிலியின் பெயர் நகர்ந்து செழியனைத் தாண்டியது. பின்னால் அங்கயற்கண்ணி மூச்சை இழுத்துவிட்டது கேட்டது. இத்தனை வருடம் எதற்காகப் பாடுபட்டாளோ அது நடந்துவிட்டது. செண்பகவல்லி துயரமானியைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. எனக்குக் குடுத்துடுவா என்றாரே, அந்த எனக்கு என்ற சொல் அவள் காதிலேயே நின்றது. அவர் விரல்கள் மடியின் மேல் எதையோ கோதிக்கொண்டிருந்தன. சின்னப் பிள்ளையின் தலைமுடியை.

"என்னங்க, எந்திரிங்க" என்றாள் கணவரிடம். "பதிவாளரைப் பார்க்கணும்."

நினைவுப் பதிவாளர் சலோமி நடுவயதுப் பெண், அதட்டிப் பேசத் தெரியாதவள். விஷயத்தைக் கேட்டதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டாள்.

"திருப்பிக் கேக்க உங்களுக்கு உரிமை இருக்கும்மா. ஆனா இதுவரைக்கும் யாரும் கேட்டதில்ல."

"நான் கேக்கிறேன்."

பரமகுரு குறுக்கிட்டார். "அந்த ஆள் சுமக்கட்டும்னுதான குடுத்தோம், செண்பகம்? இப்ப நீயே போய் எறக்கி விடுறியே."

"சுமக்கிறாரா? நல்லாப் பாத்தீங்களா நீங்க? கொஞ்சுறாரு. என் பிள்ளையை மடியில போட்டுக் கொஞ்சிட்டு இருக்காரு. நான் வெளிய உக்காந்து அவ என்ன தின்னான்னு உங்ககிட்டக் கேட்டுட்டு இருக்கேன்."

சலோமி தயங்கினாள். "ஒண்ணு சொல்லணும்மா. அன்னைக்கு உங்ககிட்டேருந்து எடுத்தப்ப வேரோட வந்துச்சு. இப்ப அவர்கிட்ட பத்து வருசம் இருந்திருக்கு. அங்கயும் வேர் விட்டிருக்கும். அதிகமா எதுக்கு அழுதாரோ அது ஆழமா இறங்கியிருக்கும். எடுத்தா எதையெல்லாம் இழுத்துட்டு வரும்னு என்னால சொல்ல முடியாது. வந்தது உங்களோடதாயிடும்."

"எது வேணா வரட்டும். அவ வந்தாப் போதும்."

கதவோரம் வந்து நின்ற அங்கயற்கண்ணி, "அவசரப்படாத, செண்பகம். வீட்டுக்குப் போய் ஆற அமர யோசிச்சு வா" என்றாள். நல்ல மனசோடுதான் சொன்னாள்.

குயிலி விலகிப் போனால் முதலிடம் உங்கள் மகனுக்கே நிரந்தரம், அப்புறம் எதற்கு இந்தக் கரிசனம் என்று கேட்கச் செண்பகவல்லிக்கு நாக்கு துறுதுறுத்தது. கேட்கவில்லை. ஆனால் அந்தச் சொல்லைக் கேட்டதும்தான் அவள் பிடிவாதம் இறுகியது. விரலைப் பதித்துக் கொடுத்துவிட்டாள்.

பெயர்ப்பி அறையில் இரண்டு நாற்காலிகள் எதிரெதிரே கிடந்தன. கோவர்த்தனனின் தலையில் கவசத்தை மாட்டினார்கள். பத்து வருடமாக எதற்கும் கெஞ்சாதவர் இப்போது கெஞ்சினார்.

"வேண்டாம்மா. வேற யாரை வேணா எடுத்துக்கோங்க. எல்லாரையும்கூட எடுத்துக்கோங்க. இவளை மட்டும் விட்டுருங்க."

செண்பகவல்லிக்கு உள்ளே குளிர்ந்தது. இத்தனை வருடத்தில் அவள் சந்தோஷப்பட்ட நிமிடம் அதுதான் என்று சொல்ல வேண்டும். இப்போது தெரிகிறதா எப்படி இருக்கும் என்று நினைத்துக்கொண்டாள். "போடுங்க" என்றாள் சலோமியிடம்.

முதலில் வந்தது வாசனை. வியர்வையும் எண்ணெயும் கலந்த உச்சந்தலை வாசனை. அதன் பின்னால் அணை திறந்த மாதிரி எல்லாம் வந்தது. பால் குடித்தது, பல் விழுந்தது, காய்ச்சலில் அனத்தியது, பணியாரத்தின் மெத்தென்ற நடு. குயிலி, குயிலி என்று செண்பகவல்லி அரற்றினாள். மடியில் அவள் கனம் வந்து உட்கார்ந்தது. கடைசி நாளும் வந்தது. காற்றுக்குழாயின் ரீங்காரம் சட்டென்று நின்றது, குமிழ் முழுக்க யாரும் கேட்டிராத அமைதி விழுந்தது, குழந்தை அவள் காதில் வாயை வைத்து ஏதோ சொன்னாள். செண்பகவல்லி ஓவென்று அழுதாள். வலித்தது, உயிர் போகிற மாதிரி வலித்தது, ஆனால் அது அவளுடைய வலி. யாரிடமும் கேட்டு வாங்கியது இல்லை.

அதற்குப் பிறகும் நிற்கவில்லை. நீள மேசை ஒன்று வந்தது. சுவரில் குமிழ்களின் வரைபடம். ஆறிப்போன தேநீர். ஏழாவதை முடித்துவிட்டால் மற்ற ஆறும் தானாக மடங்கும், போர் ஒரே நாளில் ஓயும், நம் பக்கத்து ஆட்கள் பிழைப்பார்கள் என்று தெளிவாக, ஒரு பதற்றமும் இல்லாமல் அவள் கணக்குப் போட்டாள். உள்ளே குழந்தைகள் இருப்பது தெரிந்தேதான் இருந்தது. கையெழுத்திட்டாள். இன்னொரு தேநீர் கேட்டாள். அதுவும் யாருடைய நினைவோ மாதிரி வரவில்லை. அவள் கை, அவள் பேனா, கையெழுத்து முடிந்ததும் தோளிலிருந்து இறங்கிய பாரம், எல்லாம் அவளுடையதாகவே இருந்தது.

கவசத்தைக் கழற்றியபோது அவள் முகத்தைப் பார்த்துப் பரமகுரு ஓடிவந்தார். "என்ன செண்பகம்? பிள்ளை வந்துட்டாளா?"

"வந்துட்டா" என்றாள். பிறகு தன் வலது கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "குழாயை மூடச் சொன்னது நான்தாங்க. தெரிஞ்சேதான் சொன்னேன்."

எதிர் நாற்காலியில் கோவர்த்தனன் திருதிருவென்று விழித்துக்கொண்டிருந்தார். "மடி என்னமோ லேசா இருக்கு" என்றார். "என்கிட்டேருந்து என்ன எடுத்தீங்க?"

சலோமி அவர் தலையைப் பெயர்ப்பியால் முழுக்கத் துழாவிப் பார்த்தாள். செழியன் இருந்தான், மற்ற எல்லோரும் இருந்தார்கள். மேசை இல்லை, வரைபடம் இல்லை, ஆணை இல்லை. துயரமானியில் செழியன் முந்தியிருந்தாலும், தான் செய்ததை நினைத்து அவர் அழுதது குயிலியை வைத்துத்தான், ஆணையின் வேர் போய்ப் பின்னிக்கொண்டதும் குயிலியோடுதான். வருடா வருடம் உரம் போட்டு வளர்த்தவள் இதோ உட்கார்ந்திருக்கிறாள்.

மறுநாள் நீதிபதி திரையில் வந்தார். வயதானவர். அந்த விதியை எழுதியவர்களில் அவரும் ஒருவர்.

"ஆணையிட்ட நினைவு எந்தத் தலையில் இருக்கோ அந்தத் தலையே பொறுப்புன்னு எழுதி வச்சிருக்கோம்" என்றார். "வெக்கமா இருக்கும்மா. ஆனா இதை வளைச்சா, நாளைக்கு முகத்தை மாத்திட்டு ஓடினவன் ஒவ்வொருத்தனும் இதே ஓட்டை வழியாப் போயிடுவான். உங்களை நான் வெளிய விட முடியாது. அவரை நான் உள்ள வச்சிருக்க முடியாது. ஒரே வழிதான் இருக்கு. அந்த நினைவை அவருக்கே திருப்பிக் குடுத்துருங்க. எல்லாம் பழையபடி ஆயிடும்."

"குயிலியும் போயிடுவாளா?"

"வேரோடதான் போகும்."

"அப்ப வேண்டாம்."

செண்பகவல்லி இப்போது கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்தாள். அங்கயற்கண்ணி வெளியே கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு கதறினாள். "அந்தாளு வெளிய போறான்டி. குற்றமில்லைன்னு சொல்லி அனுப்புறாங்க, இனிமே அவன் தலையிலேருந்து எதையும் எடுக்கக் கூடாதாம். என் செழியனைத் தூக்கிட்டு போறான். எந்தக் கோள்ல போய்த் தேடுவேன் நான்? உன் ஒருத்திக்காக நாங்க எல்லாரும் பறிகொடுக்கணுமா? திருப்பிக் குடுத்துரு, செண்பகம். உன் கால்ல விழறேன்."

செண்பகவல்லி அவளைப் பார்த்தாள். பாவமாகத்தான் இருந்தது. ஆனால் பாவத்துக்குப் பக்கத்தில் பதற்றமே இல்லாத ஒரு குரலும் உள்ளே பேசியது. நம்முடையது பிழைக்க வேண்டுமானால் அடுத்தவர்கள் கொஞ்சம் இழக்கத்தான் வேண்டும் என்றது. பன்னிரண்டு வருடத்துக்கு முன் நீள மேசையில் உட்கார்ந்து பேசிய அதே குரல். அது யாருடைய குரல் என்று அவளுக்குத் தெரியாமல் இல்லை. தெரிந்தும் அது சொன்னது நியாயமாகத்தான் பட்டது.

"மன்னிச்சுக்கோங்கக்கா" என்றாள். "வேற வழி இல்ல."

கோவர்த்தனனை அன்றைக்கே அனுப்பிவிட்டார்கள். வாசல்வரை போனவர் இரண்டு முறை நின்று தன் மடியைக் குனிந்து பார்த்தார் என்று காவலர்கள் சொன்னார்கள்.

எல்லோரும் போன பிறகு பரமகுரு கண்ணாடிக்கு இந்தப் பக்கம் வந்து உட்கார்ந்தார். திட்டவில்லை. ஏன் இப்படிச் செய்தாய் என்று கேட்கவும் இல்லை.

"ஒண்ணே ஒண்ணு கேக்கணும், செண்பகம்" என்றார். "அந்த ஆள்கிட்ட நான் இதைக் கேட்டதே இல்ல. அவன் வாயால கேக்க எனக்கு மனசு வரல. நீ சொன்னாக் கேட்டுக்குவேன். கடைசியில உன் காதுல ஏதோ சொன்னான்னு அப்பவே சொன்ன, என்னன்னு சொல்ல உனக்கு வாய் வரல. என்ன சொன்னா?"

செண்பகவல்லி மடியில் இரண்டு கைகளையும் கோத்து வைத்திருந்தாள். அவர் கேட்டதும் அந்தக் கைகள் இன்னும் இறுகின. பத்து வருடம் இவருக்கு மட்டும் அழ வந்தது. பத்து வருடம் இவர் சொல்லச் சொல்லத்தான் அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். அப்போது அவளுக்கென்று எதுவும் இருக்கவில்லை. இப்போது அவரிடம் இல்லாத ஒன்று அவளிடம் இருந்தது.

"எங்கிட்டதான சொன்னா" என்றாள். "அது எங்கிட்டயே இருக்கட்டும்."